ஒன்பதடி விரிப்பு

அக்காவின் வாயில் ஒரு சங்கதி அரை மணி நேரம் தங்காது என்று அந்தத் தெருவே சொல்லும். அவளும் அதை மறுத்ததில்லை. "உள்ள வெச்சிருந்தா புளிச்சுப் போயிடும்" என்பாள். முப்பது வருஷமாகச் சலவை நிலையம் நடத்துகிறவள். எந்திரங்களின் இரைச்சலில் காது பாதி போய்விட்டது. அதனால் அவள் ரகசியம் பேசினாலும் எதிர்வீட்டு மாடிவரை கேட்கும். அப்படிப்பட்டவள் வாழ்நாளில் ஒரே ஒரு தடவை வாயை மூடிக்கொண்டு இருந்தாள். பத்து மாதம் இருந்தாள். அதை நினைத்துத்தான் அவளுக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

வீடும் சலவை நிலையமும் ஒரே கட்டடம். முன்னால் துவைக்கிற எந்திரங்கள் மூன்று, நடுவில் விரிப்பைத் தேய்க்கிற நீராவி உருளை, பின்கட்டில் பாய்லர், மாடியில் குடித்தனம். மூன்று ஓட்டல்களின் படுக்கை விரிப்புகளும், ஊருக்கு வெளியே இருக்கிற மனநோய் ஆஸ்பத்திரியின் விரிப்புகளும் அங்கேதான் வெளுக்க வரும். பாய்லரைப் பார்த்துக்கொண்டவர் அக்காவின் தம்பி. ஐம்பதை நெருங்குகிற வயது, மனைவி இறந்து பல வருஷம், ஒரே மகளைத் தொலைதூர நகரத்தில் கட்டிக்கொடுத்திருந்தார். எல்லோருக்கும் அவர் பாய்லர் அண்ணன். விறகைத் தள்ளிவிட்டு, அழுத்தம் காட்டும் முள் ஏறுகிற வரைக்கும் சும்மா இருக்கப் பிடிக்காமல், விரிப்பு மடிக்க வந்துவிடுவார். இவர்களைத் தவிர இஸ்திரிக்காரி ஒருத்தி. கை வேலை செய்யும், வாய் அதைவிட வேகமாக வேலை செய்யும்.

ஆஸ்பத்திரிக்கு அழுக்குத் துணி எடுக்கப் போன இடத்தில்தான் அக்கா அவளைப் பார்த்தாள். பெண்கள் வார்டின் மூலையில் ஒருத்தி தன்னந்தனியாக விரிப்பு மடித்துக்கொண்டிருந்தாள். ஒரு ஓரத்தை மோவாயில் அழுத்திப் பிடித்துக்கொண்டு, இரண்டு கையையும் அகல விரித்து, விளிம்போடு விளிம்பு ஒரு நூல்கூட விலகாமல் சேர்த்தாள். அக்காவுக்கு வேலை தெரிந்தவர்களைக் கண்டால் கண்ணை எடுக்க முடியாது.

"யாரு இவ?" என்று தலைமை நர்ஸைக் கேட்டாள்.

"பத்தொன்பது வயசுல வந்தவ. இப்ப நாப்பத்தொண்ணு. குணமாகிப் பல வருஷம் ஆச்சு. கூட்டிட்டுப் போகத்தான் ஆளு வரல. கடுதாசி போட்டா வீடு மாறிட்டாங்கன்னு திரும்பி வருது."

"குணமானவளை வெச்சுக்கிட்டு என்ன பண்றீங்க?"

"கையெழுத்துப் போட ஒரு சொந்தக்காரங்க வேணுமே அக்கா."

அடுத்த வாரமே அக்கா கையெழுத்துப் போட்டாள். உறவு என்று கேட்டிருந்த இடத்தில் 'தங்கை' என்று எழுதினாள். நர்ஸ் படித்துப் பார்த்துவிட்டு முத்திரை குத்தினாள்.

வந்தவளுக்கு எதைச் சொன்னாலும் ஒரே பதில்தான்: "சரிங்க." சாப்பிடு என்றால் சரிங்க, தூங்கு என்றால் சரிங்க. மூன்றாம் நாளே இஸ்திரிக்காரி அவளுக்குச் சரிங்கம்மா என்று பேர் வைத்துவிட்டாள். கூப்பிட்டால் அதற்கும் சரிங்க.

சாதாரண மனிதர்கள் யோசிக்காமல் செய்கிற எதுவும் அவளுக்குத் தெரியவில்லை. சாத்தியிருக்கிற கதவுக்கு முன்னால், யாராவது வந்து திறக்கிறவரை அப்படியே நிற்பாள். ஒருநாள் குளியலறைக்குள் போனவள் இரண்டு மணி நேரம் வரவில்லை. அக்கா பதறிப்போய்க் கதவைத் தள்ளினால், குளித்து உடுத்திக்கொண்டு கதவுக்கு நேரே நிற்கிறாள்.

"ஏன்டீ, கையில்லையா உனக்கு? இழுத்தா திறக்குது!"

"திறக்கலாமாக்கா?"

அக்கா அன்றைக்கு மாடிப்படியில் உட்கார்ந்து மூக்கைச் சிந்தினாள். பிறகு, "இந்த வீட்டுல எல்லாக் கதவையும் நீ திறக்கலாம். அலமாரிக் கதவையும் சேத்துத்தான். இஸ்திரிக்காரி வாயை மட்டும் மூடக் கத்துக்கோ" என்றாள்.

சாப்பிட்டு முடித்தால் உள்ளங்கையை நீட்டிக்கொண்டு நிற்பாள். மாத்திரைக்காக. இப்போது மாத்திரை கிடையாது, டாக்டரே நிறுத்திவிட்டார் என்று அக்கா நாலு தடவை சொல்லியும் கை நீளாமல் இருக்கவில்லை. ஐந்தாம் நாள் மதியம் ரொட்டியும் முட்டையும் சாப்பிட்டு எழுந்தவள் கையை நீட்ட, பாய்லர் அண்ணன் தன் சட்டைப்பையைத் துழாவி ஒரு புதினா மிட்டாயை அதில் வைத்தார். அவள் வழக்கம்போல வாயில் போட்டுத் தண்ணீர் குடித்து விழுங்கிவிட்டாள். அவர் பதறிவிட்டார்.

"ஐயோ, முழுங்கக் கூடாதும்மா! சப்பணும்!"

"சரிங்க."

மறுநாள் சப்பினாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. ஆனால் அன்று மத்தியானம் முழுக்க, மிட்டாய் கரைந்துபோன பிறகும், வாயை மெதுவாக அசைத்துக்கொண்டே இருந்தாள். அதிலிருந்து பாய்லர் அண்ணனின் சட்டைப்பையில் மிட்டாய் தீர்ந்ததே இல்லை.

மடிப்பதில்தான் தகராறு. ஓட்டல் விரிப்பு ஒன்பதடி நீளம். அதை ஒற்றை ஆளாக மடித்தால் தரையில் படும், மறுபடி துவைக்க வேண்டும். "இது ரெண்டு பேர் வேலை" என்று பாய்லர் அண்ணன் எதிர் முனையைப் பிடித்தார். ஆளுக்கு இரண்டு மூலை. ஒரு உதறு. பாதியாக மடித்து, இருவரும் இரண்டு எட்டு எதிரெதிரே நடந்து வர வேண்டும். இவள் கையிலிருக்கும் மூலைகளை அவர் வாங்கிக்கொள்வார், இவள் குனிந்து கீழே தொங்கும் மடிப்பைப் பிடித்துக்கொண்டு பின்னால் போக வேண்டும். மறுபடி ஒரு எட்டு. மூலை கைமாறும்போது விரலில் விரல் படும். பட்டதும் அவள் விரிப்பைப் போட்டுவிடுவாள். முதல் வாரம் இருபது விரிப்பு மறுபடி எந்திரத்துக்குப் போனது.

"மேல பட்டா அடிப்பாங்கன்னு பயமா?" என்று அவர் ஒருநாள் கேட்டார்.

"இல்லைங்க. அங்க யாராவது கையைப் பிடிச்சா எங்கயாவது இழுத்துட்டுப் போறதுக்குத்தான் பிடிப்பாங்க."

அவர் அதற்குப் பிறகு மூலையை வாங்குவதற்கு முன்னால், "வாங்கறேன்" என்று சொல்லிவிட்டு வாங்கினார். நூற்றுக்கணக்கான விரிப்பு, ஒவ்வொன்றுக்கும் "வாங்கறேன்". குளிர்காலம் போய் வெயில்காலம் வந்தபோது அவர் சொல்வதை நிறுத்தினார். அவளும் விரிப்பைப் போடுவதை நிறுத்தியிருந்தாள். ஒரு நிமிஷத்துக்கு இரண்டு விரிப்பு. பேச்சே கிடையாது.

இஸ்திரிக்காரிக்குப் பொறுக்குமா? "என்னக்கா, நம்ம பாய்லர்ல முள்ளு ஏறிக்கிட்டே போகுது, நீங்க பாக்கவே இல்லியா?" என்பாள். அக்கா அவளை அதட்டினாலும் உள்ளுக்குள் சந்தோஷம் தாங்காது. ஒருநாள் சாப்பாடு முடிந்து பாய்லர் அண்ணன் கை கழுவிவிட்டு வந்தபோது, சரிங்கம்மா அவர் கையைத் திருப்பி, உள்ளங்கையில் ஒரு மிட்டாயை வைத்தாள். மூலைக்கடைக்குத் தானே தனியாகப் போய் வாங்கி வந்திருக்கிறாள். மூன்று கதவு திறந்து, ஒரு தெரு தாண்டி. அக்கா அதைப் பார்த்துவிட்டுப் பாத்திரம் கழுவுகிற சாக்கில் திரும்பிக்கொண்டாள்.

அந்த நேரத்தில்தான் மகளிடமிருந்து சேதி வந்தது. மருமகன் கட்டட வேலையில் சாரத்திலிருந்து விழுந்து முதுகெலும்பு முறிந்து படுக்கையில் கிடக்கிறார். கைக்குழந்தை வேறு. மகள் வேலைக்குப் போனால்தான் அடுப்பு எரியும். அப்பா வந்து கூட இருந்தால் தேவலை.

போகாமல் இருக்க முடியாது. திரும்பி வருவதா, அங்கேயே இருந்துவிடுவதா என்பதுதான் கேள்வி. கிளம்புவதற்கு முந்தின நாள் மதியம் பாய்லருக்குப் பக்கத்தில் அக்காவை உட்கார வைத்து அவர் பேசினார்.

"அக்கா, அவகிட்ட கேட்டுட்டேன். என்னைக் கட்டிக்கிறியான்னு."

"அடப்பாவி! என்னடா சொன்னா?"

"சரிங்கன்னா."

"அப்புறம் என்னடா? மாலை வாங்கிட்டு வரவா?"

"என்னக்கா நீ. அவ எதுக்குத்தான் சரிங்க சொல்லல? பாய்லருக்குள்ள குதின்னா அதுக்கும் சரிங்கம்பா. அந்தச் சரிங்கவை வெச்சுக்கிட்டு நான் ஒரு பொம்பளையைக் கட்டிக்க முடியுமா?"

அக்காவுக்கு அது நியாயமாகத்தான் பட்டது. "நான் கேக்கறேன் இரு. ரெண்டு போடு போட்டுக் கேட்டா உள்ளதைச் சொல்லிடுவா."

"அதுதான் வேண்டாங்கறேன். இருபத்திரண்டு வருஷமா எல்லாரும் அவளை எழுந்திரு, உக்காரு, முழுங்குன்னு சொல்லியே வெச்சிருக்காங்க. இது ஒண்ணாவது அவ இஷ்டத்துக்கு இருக்கட்டும். நாளைக்கு நான் கிளம்பறப்ப அவ மூஞ்சியைப் பாத்தா எனக்குத் தெரிஞ்சுடும். வாய் பழக்கத்துல பேசிடும்க்கா, மூஞ்சி அப்படிப் பண்ணாது. அவ மூஞ்சில எனக்கு ஏதாவது இருந்தா மாப்பிள்ளை எழுந்து உக்காந்த அடுத்த நாளே வந்துடுவேன். இல்லைன்னா அங்கயே ஒரு வேலையைத் தேடிக்கறேன். நீ நடுவுல புகுந்து ஒரு வார்த்தை கேக்கக் கூடாது. நான் போனப்புறமும் கேக்கக் கூடாது. என் தலைமேல அடிச்சுச் சத்தியம் பண்ணு."

அக்கா அவர் தலையில் கை வைத்தாள். தலை முழுக்கக் கரித்தூள்.

காலையில் தூறிக்கொண்டிருந்தது. வண்டி வாசலில் நின்றது. இஸ்திரிக்காரி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு ரொட்டிப் பொட்டலத்தை நீட்டினாள். சரிங்கம்மா படிக்கட்டுக்குப் பக்கத்தில் நின்றாள். தலை வாரி, அக்கா கொடுத்த நீலப் புடவையைக் கட்டியிருந்தாள்.  எல்லாம் நன்றாகத்தான் நடக்கப்போகிறது என்று அக்கா நினைத்தாள்.

பாய்லர் அண்ணன் பையைத் தோளில் மாட்டினார். மாட்டின உடனே சரிங்கம்மா அவருக்கு முதுகைக் காட்டித் திரும்பிச் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நெற்றி சுவரில் படுகிற அளவுக்கு.

அவர் நின்றார். தூறலில் நின்று, அந்த முதுகைப் பார்த்தார்.  "போயிட்டு வரேன்" என்றார். முதுகு அசையவில்லை. இன்னும் கொஞ்சம் நின்றார். வண்டிக்காரன் ஒலிப்பானை அடித்தான். "சரி" என்று தனக்கே சொல்லிக்கொண்டு ஏறிப் போய்விட்டார்.

அக்காவுக்கு அடக்க முடியாத கோபம். ஒரு மனுஷன் மூட்டையைத் தூக்கிக்கொண்டு போகிறான், முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்கிறாளே! பிடிக்கவில்லை என்றால் தலையைக் குனிந்துகொள்ளக் கூடாதா? அப்படி ஒரேயடியாகக் காட்ட வேண்டுமா? வாய்வரை வந்ததைச் சத்தியம் தடுத்தது.

அதற்குப் பிறகு வீடு வீடாக இல்லை. அக்கா அவளைத் திட்டவில்லை, அதுதான் கெட்டது. திட்டாத அக்கா யாருக்குமே பழக்கமில்லை. "சாப்பாடு இருக்கு", "விரிப்பு இருக்கு", அவ்வளவுதான் பேச்சு. பாய்லருக்குப் புதிதாக ஒரு கிழவரைப் போட்டார்கள். மடிப்பதற்கு இஸ்திரிக்காரி வந்து எதிர் முனையைப் பிடித்தால் சரிங்கம்மா மெதுவாக வாங்கிக்கொள்வாள். "நானே மடிச்சுக்கறேன்." மறுபடியும் மோவாயில் அழுத்திக்கொண்டு, மேஜைமேல் ஏறி நின்று, ஒன்பதடி விரிப்பை ஒற்றை ஆளாக மடித்தாள். திமிர் என்று அக்கா நினைத்தாள்.

பொறுக்க முடியாமல் ஒருநாள் அக்கா சத்தியத்தின் ஓரத்தில் காலை வைத்தாள். "போனவன் எப்படி இருக்கானோ" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள்.

"நல்லபடியா போயிருப்பார்க்கா" என்றாள் சரிங்கம்மா. வேறொன்றும் கேட்கவில்லை.

அவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டாளே என்று அக்காவுக்கு வயிறு எரிந்தது. ஏழாம் மாதம் தம்பி போனில் கூப்பிட்டார். மருமகனைப் புரட்டிப் படுக்கவைக்க ஒரு அம்மாள் வருகிறாள், புருஷன் இல்லாதவள், நல்ல மாதிரி. மகள் அவளை அப்பாவுக்குக் கட்டிவைக்கக் கேட்டிருக்கிறாள்.

"அக்கா, அவ என்னைப் பத்தி ஏதாவது கேட்டாளா?"

"ஒரு நாளும் கேக்கலடா."

"ஒரு தடவைகூட?"

"ஒரு தடவைகூட இல்லை. பேசாம கட்டிக்கோடா. வேண்டாங்கறவளுக்காக நீ எத்தனை நாள் உக்காந்திருப்பே?"

அடுத்த மாதமே கல்யாணத்தைப் பதிவு செய்துகொண்டார்கள். அக்கா அந்தச் சேதியைச் சரிங்கம்மாவிடம் சொன்னபோது கொஞ்சம் உறைக்கட்டும் என்றுதான் சொன்னாள். அவள் கையில் ஒரு விரிப்பு இருந்தது. "நல்லதுக்கா" என்றாள். அன்று வேலை முடிந்து எல்லோரும் மாடிக்குப் போன பிறகும், மடித்து அடுக்கியிருந்த விரிப்புகளைப் பிரித்துப் பிரித்து மறுபடி மடித்துக்கொண்டிருந்தாள். அக்கா படியில் நின்று பார்த்தாள். கிறுக்கு திரும்புகிறதோ என்று பயந்தாள். வேறு எதுவும் அவளுக்குத் தோன்றவில்லை.

பத்தாம் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை இஸ்திரிக்காரிக்குக் காய்ச்சல். ஆஸ்பத்திரித் துணியை ஏற்ற ஆள் இல்லை. "கூட வரியா?" என்று அக்கா கேட்டாள். இத்தனை நாளும் அவளை அந்த வாசல் பக்கமே கொண்டுபோனதில்லை. "சரிங்க" என்றாள்.

வார்டில் விரிப்புகளை எண்ணிக்கொண்டிருந்தபோது ஒரு இளம்பெண்ணை வீட்டுக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அவள் அப்பா வாசலில் நின்றார். அந்தப் பெண் தன் துணிமூட்டையைக் கையில் எடுத்தாள். எடுத்ததுதான் தாமதம், பக்கத்துக் கட்டிலில் இருந்த வயதான பெண்மணி முதலில் திரும்பிச் சுவரைப் பார்த்தாள். பிறகு அடுத்த கட்டில், அதற்கடுத்த கட்டில். வார்டில் இருந்த முப்பது பேரும் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அக்காவின் பக்கத்தில் விரிப்பு பிடித்துக்கொண்டிருந்த சரிங்கம்மா அதைக் கீழே வைத்துவிட்டு அவளும் திரும்பினாள். அந்தப் பெண் யாரையும் பார்க்காமல் விடுவிடுவென்று நடந்து போனாள்.

 "என்ன இது?" என்று அக்கா நர்ஸைக் கேட்டாள்.

"இங்க அப்படித்தான் அக்கா. நான் வேலைக்கு வர்றதுக்கு முன்னாடியிருந்து இருக்கு. போறவங்க மூஞ்சியைப் பாத்தா அவங்களுக்கு மனசு கேக்காம திரும்பிப் பாப்பாங்களாம். திரும்பிப் பாத்தா இங்கயே திரும்பி வந்துடுவாங்களாம். அதனால யாரும் பாக்க மாட்டாங்க. போனவங்களைப் பத்தி விசாரிக்கவும் மாட்டாங்க. போறவளைக் கொண்டாடறவ எவளோ அவதான் முதல்ல திரும்புவா. பாத்தீங்களா அந்தப் பெரியம்மாவை? ஆறு வருஷமா அந்தப் பொண்ணுக்குத் தலை வாரிவிட்டவங்க."

அந்தப் பெரியம்மாவின் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

துணியை எப்படி ஏற்றினாள், எப்படி வண்டிக்கு வந்தாள் என்று அக்காவுக்கு நினைவில்லை. வண்டியில் உட்கார்ந்து சாவியைத் திருகாமல் கேட்டாள்.

"அன்னிக்கு அவன் கிளம்பறப்ப நீ திரும்பினியே. அது இதுவா?"

"ஆமாக்கா."

"அடியே! அவன் உன் மூஞ்சியைப் பாக்கத்தானே நின்னான்! உனக்குப் பிடிக்கலைன்னு நினைச்சுட்டுப் போனான்டீ!"

சரிங்கம்மா மடியில் இருந்த கைகளைப் பார்த்தாள். "அன்னிக்கு 'போயிட்டு வாங்க'ன்னு சொல்லணும்னு இருந்தேன்க்கா. ராத்திரியெல்லாம் சொல்லிப் பாத்தேன். அவர் பையை எடுத்ததும் உடம்பு தானா திரும்பிடுச்சு. போறவங்களுக்கு நல்லது பண்றதுன்னா எனக்கு அது ஒண்ணுதான் தெரியும். திரும்பினப்புறம்தான் உறைச்சுது, இது திரும்பி வராம இருக்கப் பண்றதாச்சேன்னு. அதுக்குள்ள வண்டி போயிடுச்சு."

"அப்புறமாவது சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா?"

"போனவங்களைப் பத்திப் பேசினா அவங்களுக்குக் கெடுதல்னு இருந்தேன். அவர் வருவார்னு நினைச்சேன்க்கா. எதிர் முனையை வேற யார்கிட்டயும் குடுக்கல."

அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். கட்டிக்கோடா என்று சொன்ன வாய் அது. ஊர்ச் சங்கதியெல்லாம் கேட்டுத் தெரிந்துகொள்கிற வாய், இதை ஒருநாள் கேட்டிருந்தால் போதும். சத்தியமாம், பெரிய சத்தியம். ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை. போனை எடுத்துத் தம்பியின் எண்ணை அழுத்தினாள். காது கேட்காததால் அவள் போன் எப்போதும் வெளியே கேட்கும்படிதான் பேசும். மணி அடித்தது.

"வேண்டாம்க்கா" என்று சரிங்கம்மா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். "இப்பச் சொன்னா அவர் திரும்பிப் பாப்பார். அங்க ஒருத்தங்க இருக்காங்க இல்ல?"

"என்னக்கா இந்த நேரத்துல?" என்றார் தம்பி. பின்னால் குழந்தை அழுதது. யாரோ ஒரு பெண், "யாருங்க?" என்று கேட்க, "எங்க அக்கா" என்று அவர் சொல்வது கேட்டது. "உடம்புக்கு ஒண்ணும் இல்லியே?"

அக்காவுக்கு வாய் திறந்தது, மூடியது.

"ஒண்ணுமில்லடா. சும்மாதான். சாப்பிட்டியா?"

"ஆச்சு. மாப்பிள்ளை இன்னிக்கு நாற்காலில உக்காந்தார்." பிறகு குரலைத் தாழ்த்தினார். "அவ எப்படி இருக்கா?"

"இருக்கா. இதோ பக்கத்துலதான் உக்காந்திருக்கா. பேசறியா?" அடக்குவதற்குள் வந்துவிட்டது.

  அங்கே குழந்தை அழுகையை நிறுத்தியிருந்தது.

"வேண்டாம்க்கா" என்றார் அவர். "அவளுக்குப் பிடிக்காது. தொந்தரவு பண்ணாதே."

வைத்துவிட்டார். அணைந்துபோன போன் அக்காவின் கையில் இருந்தது. சரிங்கம்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பிடிக்கும்" என்றாள் அதைப் பார்த்து.

யாரும் கேட்காமல் தன்னைப் பற்றி அவள் வாயைத் திறந்து சொன்னது அதுதான் முதல் தடவை. அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு வண்டியைக் கிளப்பினாள். பின்னால் முந்நூறு விரிப்பு வெளுக்கக் கிடந்தது.